ஆட்டோமேட்டிக் காருக்கு எந்த ஆயில் ஊத்தணும்? பதில் வைத்திருக்கும் நெல்லைக்காரர்: யார் இந்த டி.வி.சுந்தரம் ஐயங்கார்?

மணிமுத்தாறு அணையைத் தாண்டி, அருவிக்கு மேலே மாஞ்சோலை செல்லும் மலைப்பாதையில் ஒரு ஆட்டோமேட்டிக் கார் ஏறுகிறது என்று வைத்துக்கொள்வோம். ரோடு குறுகல், வளைவுக்கு மேல் வளைவு. வண்டி இருபதைத் தாண்டவில்லை. இன்ஜின் உறுமுகிறது, கார் மட்டும் தயங்கித் தயங்கி நகர்கிறது. அடுத்து லேசாக ஒரு கருகல் வாசனை.

இன்ஜினில் கோளாறு இல்லை. பெட்ரோலிலும் இல்லை. ஆறு மாசத்துக்கு முன்னாடி சர்வீஸில் கியர்பாக்ஸுக்குள் ஊற்றப்பட்ட ஆயில்தான் தப்பு. எல்லா ஆட்டோமேட்டிக் காருக்கும் ஒரே சிவப்பு ஆயில்தானே என்ற நினைப்பில் ஊற்றப்பட்டது. கேன் ஒன்றுக்குச் சில நூறு ரூபாய் மிச்சம். கியர்பாக்ஸ் போனால் பல மாடல்களுக்குச் செலவு லட்சத்தைத் தாண்டும்.

சரி, இதற்கும் 1955-ல் இறந்துபோன ஒரு மனிதருக்கும் என்ன சம்பந்தம்?

இருக்கிறது. வண்டி ஓடுவது அதிர்ஷ்டத்தால் அல்ல, பராமரிப்பால் என்பதைத் தென் தமிழ்நாட்டுக்குத் தொழிலாகவே செய்து காட்டியவர் அவர். மணிமுத்தாறுக்குத் தெற்கே, அதே மலைத்தொடரின் அடிவாரத்தில் பிறந்தவர். இன்று பைக்கிலும் மொபெட்டிலும் நாம் பார்க்கும் மூன்று எழுத்துகள் அவருடைய பெயரின் முதல் எழுத்துகள்தான். டி.வி.எஸ்.

யார் அவர்? அவர் வாழ்க்கையில் இருந்து நம் காருக்கு என்ன பாடம்? விரிவாகப் பார்க்கலாம்.

தாது வருஷத்தில் பிறந்த பிள்ளை

திருக்குறுங்குடி வேங்கரம் சுந்தரம் ஐயங்கார். முதலில் இருப்பது ஊர்ப் பெயர். நெல்லை மாவட்டத்தில் களக்காட்டுக்குப் பக்கத்தில் உள்ள திருக்குறுங்குடி, 108 திவ்ய தேசங்களில் ஒன்று. நம்பி கோயிலால் பெயர் பெற்ற ஊர். பின்னால் மலை, நடுவில் நம்பியாறு, சுற்றிலும் வயல்.

அவர் பிறந்தது 1877 மார்ச் 22. அந்தக் காலத்தை நினைவில் வைப்பது முக்கியம். 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தை உலுக்கிய பெரும் பஞ்சத்தைத்தான் நம் ஊர்ப் பெரியவர்கள் தாது வருஷப் பஞ்சம் என்று சொல்வார்கள். அந்தப் பஞ்சத்தின் நடுவில் பிறந்த பிள்ளை அவர். தானியம் இருந்த ஊரில் இருந்து இல்லாத ஊருக்குக் கொண்டுபோக வண்டியும் ரோடும் போதாமல் தவித்த காலம் அது. பிற்காலத்தில் அந்தப் பிள்ளை கையில் எடுத்த தொழில் போக்குவரத்து.

வக்கீல், ரயில்வே, பேங்க்... அப்புறம் பஸ்

அந்தக் காலத்து ஐயங்கார் குடும்பத்தில் படித்த பையனுக்கு முன்னால் இருந்த வழிகள் கொஞ்சம்தான். வக்கீல் ஆகலாம், சர்க்கார் உத்தியோகம் பார்க்கலாம். சுந்தரம் ஐயங்காரும் முதலில் வக்கீலாகத்தான் தொடங்கினார். பிறகு ரயில்வேயில் வேலை, அடுத்து பேங்கில் வேலை. எல்லாமே கௌரவமான சம்பளம் தரும் இடங்கள்.

ஆனால் எதிலும் அவர் நிலைக்கவில்லை. 1911-ல், 34 வயதில், டி.வி.சுந்தரம் ஐயங்கார் அண்ட் சன்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். அடுத்த ஆண்டே, 1912-ல், பஸ் ஓட ஆரம்பித்தது. மதுரைதான் அவர் தொழிலின் தலைநகரம் ஆனது. பின்னாளில் சதர்ன் ரோட்வேஸ் என்ற பெயரில் பஸ்களும் லாரிகளும் ஓடின.

இன்றைக்கு நமக்கு இது சாதாரணமாகத் தெரியலாம். அன்றைக்கு அப்படி இல்லை. மோட்டார் வண்டி என்பது ஜமீன்தாரும் வெள்ளைக்கார அதிகாரியும் வைத்திருந்த ஆடம்பரம். ரோடு முழுக்க மாட்டுவண்டி. தார் கிடையாது, ஜல்லியும் மண்ணும்தான். வண்டி நடுவழியில் நின்றால் தள்ளிக்கொண்டு போக ஆள் கிடைப்பார்கள், ரிப்பேர் செய்ய ஆள் கிடைக்க மாட்டார்கள். பாகம் உடைந்தால் அது கப்பலில்தான் வரணும்.

இந்த நிலைமையில் பஸ் விடுவது என்றால் பஸ் மட்டும் வாங்கினால் போதாது. ஒர்க்‌ஷாப் வேண்டும், மெக்கானிக் வேண்டும், டயர் வேண்டும், பாகங்களை வாங்கி அடுக்கி வைக்க ஸ்டோர் வேண்டும். இந்தக் கணக்கை அவர் ஆரம்பத்திலேயே போட்டுவிட்டார். மற்றவர்களிடம் இருந்து அவர் வித்தியாசப்பட்ட இடம் இதுதான்.

லாட ஆணியும் ஒரு காந்தமும்

டி.வி.எஸ் பஸ் வருவதைப் பார்த்துக் கடிகாரத்தைச் சரி செய்துகொள்வார்கள் என்பது மதுரைப் பக்கம் பெரியவர்கள் இன்றும் சொல்லும் கதை. கொஞ்சம் மிகை இருக்கலாம். ஆனால் அப்படி ஒரு பேர் சும்மா வரவில்லை.

பஸ் நேரத்துக்கு வராமல் போவதற்கு அன்று பெரிய காரணம் பஞ்சர். ரோட்டில் போகும் மாடுகளின் குளம்பில் அடித்திருக்கும் லாடம் கழன்று விழும். லாட ஆணி ரோட்டில் கிடக்கும். டயரில் குத்தும். பஸ் நிற்கும். பயணிகள் வெயிலில் இறங்கி நிற்பார்கள்.

இதற்கு ஒவ்வொரு முறையும் பஞ்சர் ஒட்டிக்கொண்டிருப்பது ஒரு வழி. சுந்தரம் ஐயங்கார் வேறு வழி யோசித்தார். பஸ் போகும் பாதையில் பெரிய காந்தம் பொருத்திய வண்டியை ஓட்டி, கிடக்கும் ஆணிகளை முன்கூட்டியே வாரி எடுக்க ஏற்பாடு செய்தார் என்று சொல்லப்படுகிறது. அவரைப் பற்றிப் பேசும் யாரும் விடாமல் சொல்லும் சம்பவம் இது.

இதில் உள்ள யோசனையைப் பாருங்க. கெட்டுப்போன பிறகு சரி செய்வது ரிப்பேர். கெடுவதற்கு முன்னால் காரணத்தை எடுத்துவிடுவது பராமரிப்பு. இரண்டுக்கும் நடுவில் இருக்கும் வித்தியாசம்தான் டி.வி.எஸ் என்ற பேர்.

ஜெனரல் மோட்டார்ஸ் வந்த கதை

பஸ் ஓட்டியவர் அடுத்து வண்டி விற்பவராகவும், பாகம் விற்பவராகவும் வளர்ந்தார். மெட்ராஸ் ஆட்டோ சர்வீஸ், சுந்தரம் மோட்டார்ஸ் என்று நிறுவனங்கள் விரிந்தன. தேய்ந்த டயருக்குப் புது ரப்பர் ஒட்டும் ரீட்ரெடிங் ஆலையும் வந்தது.

இதில் மெட்ராஸ் ஆட்டோ சர்வீஸ், அமெரிக்காவின் ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனத்தின் பெரிய விநியோகஸ்தராக உயர்ந்தது. ஜெனரல் மோட்டார்ஸ் 1928-லேயே பம்பாயில் கார்களைப் பொருத்தி விற்கத் தொடங்கியிருந்தது. எந்த வண்டிக்கு எந்தப் பாகம் பொருந்தும், எது அசல், எது ஒப்பேற்றல் என்று பிரித்துப் பார்த்துக் கொடுப்பதே ஒரு பெரிய தொழில் என்பதை நம் ஊருக்குக் காட்டியவர்களில் சுந்தரம் ஐயங்கார் முன்னோடி.

இந்த இடத்தில்தான் நம் ஆயில் கதைக்குள் நுழைகிறோம். ஏனென்றால் பெரிய அளவில் விற்பனைக்கு வந்த முதல் முழு ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸைக் கொண்டுவந்ததும் அதே ஜெனரல் மோட்டார்ஸ்தான். 1940 மாடல் ஓல்ட்ஸ்மொபைல் காரில் வந்த அதன் பெயர் ஹைட்ராமேட்டிக்.

சிவப்பு ஆயில் என்ன செய்கிறது?

சாதாரண கியர்பாக்ஸில் ஆயிலின் முக்கிய வேலை பல்சக்கரங்கள் தேயாமல் காப்பது. ஆட்டோமேட்டிக்கில் அது மட்டும் போதாது. ஏடிஎஃப் என்று ஒர்க்‌ஷாப்பில் சொல்லும் இந்த ஆயில் ஒரே நேரத்தில் நான்கு வேலை பார்க்கிறது.

ஒன்று, டார்க் கன்வெர்ட்டருக்குள் சுழன்று இன்ஜின் சக்தியைச் சக்கரத்துக்குக் கடத்துகிறது. இரண்டு, அழுத்தத்தால் கிளட்ச்சுகளை இறுக்கி கியரை மாற்றுகிறது. மூன்று, சூட்டை எடுத்துக்கொண்டு கூலருக்குப் போகிறது. நான்கு, வழுக்கணும், ஆனால் அளவுக்கு மேல் வழுக்கக் கூடாது. கிளட்ச் பிடிக்கும்போது எவ்வளவு பிடிமானம் வேண்டும் என்பது ஆயிலில் கலந்திருக்கும் வேதிப்பொருளைப் பொறுத்தது.

அந்த நான்காவது வேலையில்தான் ஒரு கேனுக்கும் இன்னொரு கேனுக்கும் வித்தியாசம்.

1949-ல் ஜெனரல் மோட்டார்ஸ் இதற்காக 'டைப் ஏ' என்று ஒரு தர அளவை வகுத்தது. 1960-களின் கடைசியில் அது டெக்ஸ்ரான் ஆனது. அந்தக் காலத்து ஆயிலில் சரியான வழுக்கலுக்காகச் சேர்த்தது எதைத் தெரியுமா? ஸ்பெர்ம் திமிங்கலத்தின் எண்ணெய். 1970-களின் தொடக்கத்தில் அந்தத் திமிங்கலம் அழியும் இனம் என்று அமெரிக்கா பாதுகாப்புப் பட்டியலில் சேர்த்ததும் அந்த எண்ணெய் நின்றது. மாற்றுப் பொருளை நிறுவனங்கள் தேடி அலைந்தன. இடைப்பட்ட காலத்தில் கியர்பாக்ஸ் கோளாறுகள் கூடின. ஆயிலில் ஒரே ஒரு சேர்மானம் மாறினால் என்ன ஆகும் என்பதற்கு இதைவிடப் பெரிய உதாரணம் வேண்டாம்.

உங்க காருக்கு எது?

முதல் கேள்வி ஆயில் பிராண்ட் இல்லை. உங்க காரில் இருப்பது எந்த வகை ஆட்டோமேட்டிக் என்பதுதான். இந்தியாவில் ஆட்டோமேட்டிக் என்ற ஒரே பேரில் நான்கு வகை ஓடுகிறது.

• ஏஎம்டி: 2014-ல் மாருதி செலிரியோவில் வந்து பரவிய வகை. உள்ளே இருப்பது சாதாரண மேனுவல் கியர்பாக்ஸ்தான். கிளட்ச் மிதிப்பதையும் கியர் போடுவதையும் ஒரு கருவி செய்கிறது. இதன் பெட்டிக்கு மேனுவல் கியர் ஆயில். ஹைட்ராலிக் கருவி என்றால் அதற்குத் தனி ஆயில். சிவப்பு ஏடிஎஃப்பைப் பெட்டியில் ஊற்றினால் தப்பு.

• டார்க் கன்வெர்ட்டர்: இதுதான் ஹைட்ராமேட்டிக் வழியில் வந்த வாரிசு. ஏடிஎஃப் இதற்குத்தான். ஆனால் அதிலும் நிறுவனத்துக்கு நிறுவனம் தர அளவு மாறும். ஹூண்டாய், கியாவின் பல பெட்டிகள் எஸ்பி-4 கேட்கும். டொயோட்டாவில் பல பெட்டிகள் டபிள்யூ.எஸ் கேட்கும். டொயோட்டாவின் பழைய டி-4 பெட்டிக்கு டபிள்யூ.எஸ் ஊற்றக் கூடாது. புதுசு என்றால் பழசுக்கும் ஒத்துப்போகும் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

• சிவிடி: பல்சக்கரத்துக்குப் பதில் எஃகு பெல்ட்டும் இரண்டு புல்லிகளும். இங்கே பெல்ட் வழுக்கவே கூடாது. அதனால் சிவிடி ஆயில்தான். ஹோண்டாவின் பல சிவிடி கார்களுக்கு ஹெச்சிஎஃப்-2 போல, நிறுவனம் பெயர் சொல்லிக் கேட்பதை மட்டும் ஊற்றணும். சாதா ஏடிஎஃப் ஊற்றினால் பெல்ட் வழுக்கி, புல்லி கீறி, பெட்டியே போகும்.

• டிசிடி: இரண்டு கிளட்ச் உள்ள வகை. கிளட்ச் ஆயிலுக்குள் மூழ்கி இருக்கிறதா, உலர்ந்த வகையா என்பதைப் பொறுத்து ஆயிலும் மாறும்.

சரி, எங்கே பார்ப்பது? காரோடு வந்த புத்தகத்தில் கடைசிப் பக்கங்களில் எந்த ஆயில், எத்தனை லிட்டர் என்று இருக்கும். டிப் ஸ்டிக் உள்ள மாடல்களில் சில அதிலேயே எழுதியிருக்கும். கேனில் எழுதியிருக்கும் தர அளவு அதோடு எழுத்துக்கு எழுத்து பொருந்தணும். எல்லா வண்டிக்கும் ஏற்றது என்று போட்டிருக்கும் கேன் என்றால், உங்க பெட்டியின் தர அளவு அதன் பட்டியலில் இருக்கிறதா என்று பாருங்க. இல்லை என்றால் வைத்துவிட்டு வாங்க.

நிறத்தை நம்பாதீங்க. சிவப்பு என்பது இன்ஜின் ஆயிலில் இருந்து பிரித்துக் காட்டச் சேர்த்த சாயம்தான். அது தரத்தைச் சொல்லாது. ஆயுள் முழுக்க மாற்ற வேண்டாம் என்று சில மாடல்களில் சொல்வது சாதாரண ஓட்டத்துக்கு. மலை, சுமை, நெரிசல் என்று ஓடும் வண்டிக்குப் பல புத்தகங்களில் தனி அட்டவணையே இருக்கும். மணிமுத்தாறு, பாபநாசம், குற்றாலம் என்று அடிக்கடி மலை ஏறும் கார்களுக்கு இது பொருந்தும். மலையில் மெதுவாக ஏறும்போதுதான் டார்க் கன்வெர்ட்டரில் சூடு அதிகம். அங்கே டி-யில் விட்டுவிடாமல், கீழ் கியர் அல்லது மேனுவல் மோடில் ஏறி இறங்குவது பெட்டிக்கும் நல்லது, பிரேக்குக்கும் நல்லது.

அளவு பார்ப்பதும் இன்ஜின் ஆயில் போல இல்லை. பல மாடல்களில் இன்ஜின் ஓடும்போது, ஆயில் குறிப்பிட்ட சூட்டில் இருக்கும்போதுதான் பார்க்கணும். கூடினாலும் தப்பு, குறைந்தாலும் தப்பு.

வெள்ளத்தில் நின்ற கார் என்றால்...

2023 டிசம்பர் 17, 18 தேதிகளை நெல்லை, தூத்துக்குடிக்காரர்கள் மறக்க மாட்டார்கள். காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 செ.மீ மழை. பாபநாசம், மணிமுத்தாறு அணைகளின் தண்ணீரும் சேர, தாமிரபரணி கரை தாண்டியது. தெருவில் நின்ற கார்கள் எல்லாம் மூழ்கின.

கியர்பாக்ஸின் மேலே காற்றுப் போக ஒரு சின்ன வழி உண்டு. தண்ணீர் அது வழியே உள்ளே இறங்கும். சிவப்பு ஆயில் ரோஸ்மில்க் கலருக்கு மாறினால் உள்ளே தண்ணீர் போய்விட்டது என்று அர்த்தம். கிளட்ச் தட்டுகளில் ஒட்டியிருக்கும் காகித வகைப் பொருளைத் தண்ணீர் ஊறவைத்துப் பிரித்துவிடும். மூழ்கிய காரை ஸ்டார்ட் செய்யக் கூடாது. கயிறு கட்டி இழுக்கவும் கூடாது. இன்ஜின் ஓடாதபோது பெட்டிக்குள் ஆயில் சுற்றாது, சக்கரம் மட்டும் சுற்றினால் உள்ளே தேயும். லாரியில் முழுசாக ஏற்றித்தான் கொண்டுபோகணும். பழைய கார் வாங்குபவர்களும் இதைப் பார்த்துத்தான் வாங்கணும்.

பெட்ரோல் தீர்ந்தது, கரி வந்தது

மறுபடியும் சுந்தரம் ஐயங்காரிடம் வருவோம். சரியான திரவம் கிடைக்காவிட்டால் வண்டி நிற்கும் என்ற பாடத்தை அவர் மிகப் பெரிய அளவில் சந்தித்தார்.

இரண்டாம் உலகப்போர். 1942-ல் பர்மா ஜப்பான் கைக்குப் போனது. பர்மா எண்ணெய் நின்றது. இருந்த பெட்ரோல் ராணுவத்துக்கு. மக்களுக்கு ரேஷன். பஸ் முதலாளிகள் பலருக்கும் வண்டியை ஷெட்டில் நிறுத்துவதைத் தவிர வழி தெரியவில்லை.

சுந்தரம் ஐயங்காரின் நிறுவனம் டி.வி.எஸ் கேஸ் பிளான்ட் என்ற கருவியை வடிவமைத்துத் தயாரித்தது. எரிபொருள் என்ன? அடுப்புக்கரி. கரியைக் குறைந்த காற்றில் எரித்தால் கார்பன் மோனாக்சைடு அதிகமுள்ள ஒரு வாயு வரும். அதை வடிகட்டி, குளிரவைத்து, பெட்ரோலுக்குப் பதில் இன்ஜினுக்கு அனுப்புவார்கள். பஸ்ஸோடு ஒரு பெரிய உருளை போல அந்தக் கருவி சேர்ந்து பயணம் செய்யும்.

கேட்க எளிது. ஓட்டுவது கஷ்டம். காலையில் கரியை மூட்டி, வாயு நன்றாக வரும்வரை காத்திருக்கணும். இன்ஜின் சக்தி கணிசமாகக் குறையும். மேடு வந்தால் திணறும். ஈரக்கரி போட்டாலோ, தூசியும் சாம்பலும் நிறைந்த மட்டமான கரி போட்டாலோ வடிகட்டி அடைத்து வண்டி நிற்கும். வடிகட்டியைத் தினமும் சுத்தம் செய்யணும். அந்த வாயு விஷம் என்பதால் கவனமும் வேண்டும்.

அதாவது எந்தக் கரி, எவ்வளவு காய்ந்தது, எப்போது சுத்தம் என்று பார்த்துப் பார்த்துச் செய்தவர் பஸ் ஓடியது. ஏதோ ஒரு கரி என்று அள்ளிப்போட்டவர் பஸ் நின்றது. ஏடிஎஃப் கேனைக் கையில் எடுக்கும்போது நாம் கேட்கும் அதே கேள்விதான், எண்பது வருஷத்துக்கு முன்னாடி கரி மூட்டையைப் பார்த்தும் கேட்கப்பட்டது.

மகள் எடுத்த முடிவு

தொழிலில் எல்லாம் திட்டப்படி நடந்தது. குடும்பத்தில் அப்படி இல்லை.

சுந்தரம் ஐயங்காரின் மகள் சௌந்தரம், 1904-ல் பிறந்தவர். அந்தக் கால வழக்கப்படி சிறு வயதிலேயே கல்யாணம். இளம் வயதிலேயே கணவரை இழந்தார். அன்றைய ஐயங்கார் வீட்டில் விதவைப் பெண் என்றால் வாழ்க்கை நான்கு சுவருக்குள் முடிந்தது. ஆனால் சௌந்தரத்தை வீட்டார் படிக்கவைத்தார்கள். டெல்லி லேடி ஹார்டிங் மருத்துவக் கல்லூரியில் படித்து டாக்டர் ஆனார். அந்தக் காலத்துக்கு அது பெரிய துணிச்சல்.

அங்கே காந்தியத் தொண்டர் ஜி.ராமச்சந்திரனைச் சந்தித்தார். இருவரும் கல்யாணம் செய்ய விரும்பினார்கள். வேறு சாதி, வேறு மொழி, அதோடு மறுமணம். வீட்டில் எதிர்ப்பு. படிப்பு வரை கூடவே வந்த குடும்பத்தால் இந்த ஒரு படியைத் தாண்ட முடியவில்லை. கடைசியில் 1940-ல் காந்தியின் ஆசியோடு கல்யாணம் நடந்தது.

1947-ல் இந்தத் தம்பதி திண்டுக்கல் அருகே சின்னாளப்பட்டியில் காந்திகிராமத்தைத் தொடங்கினார்கள். இன்று அது பல்கலைக்கழகம். சௌந்தரம் 1962-ல் மத்திய கல்வித் துறை துணை அமைச்சரும் ஆனார்.

சாதி வகுத்த தொழிலை விட்டுவிட்டு பஸ் ஓட்ட வந்த அப்பா ஒரு பக்கம். சாதி வகுத்த வாழ்க்கையை விட்டுவிட்டு வெளியே வந்த மகள் இன்னொரு பக்கம். அப்பா தனக்கு எடுத்துக்கொண்ட சுதந்திரத்தை மகள் எடுத்தபோது வீடு தயங்கியது. சாதனைப் பட்டியல்களில் இந்தப் பக்கம் பெரும்பாலும் விடுபட்டுவிடும். ஆனால் இதைச் சேர்க்காமல் அவர் கதை முழுமை ஆகாது.

சாவியைக் கொடுத்துவிட்டு விலகியவர்

தொழில் உச்சத்தில் இருக்கும்போதே பொறுப்பை மகன்களிடம் ஒப்படைத்து அவர் ஒதுங்கிக்கொண்டார். டி.எஸ்.ராஜம், டி.எஸ்.சந்தானம், டி.எஸ்.ஸ்ரீனிவாசன், டி.எஸ்.கிருஷ்ணா ஆகிய மகன்கள் அதை வளர்த்தார்கள். 1954-ல் லாரி, பஸ் வாங்கக் கடன் கொடுக்கும் சுந்தரம் ஃபைனான்ஸ் வந்தது. 1955 ஏப்ரல் 28-ல், கொடைக்கானலில், 78 வயதில் சுந்தரம் ஐயங்கார் காலமானார்.

அவருக்குப் பிறகு வந்த நிறுவனங்களின் பெயர்களைப் பாருங்க. 1960-ல் வீல்ஸ் இந்தியா, 1961-ல் லூகாஸ் டி.வி.எஸ், 1962-ல் பிரேக்ஸ் இந்தியாவும் சுந்தரம் கிளேட்டனும். சக்கரம், மின்சாதனம், பிரேக். வண்டியைப் பிரித்துப் போட்டால் கிடைக்கும் பாகங்கள்தான் நிறுவனங்கள் ஆகின. கப்பலில் வரும் பாகத்துக்காகக் காத்திருந்த காலம் அங்கேதான் முடிய ஆரம்பித்தது. 1980-ல் வந்த டி.வி.எஸ் 50 மொபெட் அந்த எழுத்துகளை ஒவ்வொரு தெருவுக்கும் கொண்டுபோனது.

அந்த பஸ்கள் என்ன ஆயின?

1972-ல் தமிழ்நாடு அரசு தனியார் பஸ்களை அரசுடைமை ஆக்கியபோது, மதுரையில் ஓடிய டி.வி.எஸ் பஸ்கள் பாண்டியன் ரோட்வேஸ் ஆயின. அதில் இருந்து 1974-ல் நெல்லைக்கென்று பிரிந்ததுதான் கட்டபொம்மன் போக்குவரத்துக் கழகம். இன்று அம்பாசமுத்திரம், கல்லிடைக்குறிச்சி வழியாக மணிமுத்தாறுக்கு நாம் ஏறும் அரசு பஸ்ஸின் பரம்பரையை நூல் பிடித்துப் போனால், ஒரு முனை திருக்குறுங்குடிக்காரர் 1912-ல் ஓட்டிய பஸ்ஸில் போய் முடியும்.

பஸ் பேர் மாறியது. முதலாளி மாறினார். ரோடு தார் ரோடு ஆனது. லாட ஆணியும் போய்விட்டது. மாறாதது ஒன்றுதான். வண்டிக்கு என்ன வேண்டும் என்று தெரிந்துகொண்டு, அதை நேரத்துக்குக் கொடுப்பது.

அடுத்த முறை சர்வீஸுக்கு விடும்போது கவுன்டரில் இரண்டு கேள்வி கேளுங்க. என் கியர்பாக்ஸ் எந்த வகை? அதற்கு எந்தத் தர அளவு ஆயில் ஊற்றப் போறீங்க? பதிலைப் பில்லில் எழுதி வாங்கி, காரோடு வந்த புத்தகத்தோடு ஒப்பிட்டுப் பாருங்க. அஞ்சு நிமிஷ வேலைதான். மணிமுத்தாறு மலையில் ஏறும்போது அதன் அருமை தெரியும்.